எண் பலகை அருகே நிற்பவர்

இரண்டாம் ஆண்டு, பி.எஸ்ஸி. கணிதம்

போட்டி என்றால் இருவர் வேண்டும். இருவர் மோதினால் நடுவர் வேண்டும். நடுவர் தீர்ப்புச் சொன்னால் கைதட்டக் கூட்டம் வேண்டும். உலகில் உள்ள விளையாட்டுகளில் பெரும்பாலானவை இவற்றைக் கொண்டே நடந்து முடிந்துவிடுகின்றன. ஆனால் இங்கிலாந்து நாட்டுத் தொலைக்காட்சியில் நாற்பது ஆண்டுகளைக் கடந்து ஒளிபரப்பாகி வரும் ஒரு போட்டி நிகழ்ச்சியில் இவர்களுக்கு அப்பால் இன்னும் ஒருவர் இருக்கிறார். அவர் போட்டியாளர் அல்லர்; அவருக்கு மதிப்பெண் கிடையாது. நடுவரும் அல்லர், நிகழ்ச்சியை நடத்தும் பொறுப்பு வேறொருவருடையது. ஆயினும் போட்டியாளர் இருவரும் விடை தெரியாமல் விழித்து நிற்கும் வேளையில் எல்லோர் கண்களும் இவர் பக்கமே திரும்புகின்றன. "இதற்கு விடை உண்டா?" என்பதே அந்தப் பார்வையின் பொருள்.

அந்த நிகழ்ச்சியின் பெயர் 'கவுண்ட்டவுன்'. நான் சொல்லும் அந்த ஒருவர், எண் பலகை அருகே கையில் பேனாவுடன் நிற்கும் கணக்கர். அவரைப் பற்றியும், அவர் பார்க்கும் வேலைக்குள் மறைந்திருக்கும் ஒரு கணித உண்மையைப் பற்றியும் நண்பர்களுடன் பகிர்ந்துகொள்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

பிறந்த கதை

இந்த விளையாட்டின் தாயகம் பிரான்சு நாடு. அங்கே ஆர்மான் ஜாமோ என்பவர் 1965-இல் 'மிக நீளமான சொல்' என்று பொருள்படும் ஒரு தொலைக்காட்சி விளையாட்டைத் தொடங்கினார். கலைந்து கிடக்கும் எழுத்துகளைக் கொண்டு நீளமான சொல்லை உருவாக்க வேண்டும். 1972-இல் அதனோடு எண் விளையாட்டும் சேர்ந்தது. பெயரும் 'எண்களும் எழுத்துகளும்' என்று மாறியது. எண்ணும் எழுத்தும் கண்ணெனத் தகும் என்று படித்து வளர்ந்த நமக்கு இந்தப் பெயர் அந்நியமாகத் தோன்றாது.

பெல்ஜியத்தில் பிறந்த மார்செல் ஸ்டெல்மன் என்பவர் இந்த விளையாட்டை இங்கிலாந்துக்குக் கொண்டுவர முயன்றார். வட இங்கிலாந்தில் லீட்ஸ் நகரிலிருந்து இயங்கிய யார்க்ஷயர் தொலைக்காட்சி 1982-இல் அந்த வட்டாரத்துக்கு மட்டும் சில நிகழ்ச்சிகளை ஒளிபரப்பிப் பார்த்தது. அதே ஆண்டு நவம்பர் 2-ஆம் நாள் 'சேனல் 4' என்ற புதிய நாடளாவிய தொலைக்காட்சி பிறந்தது. அதில் முதன்முதலாக ஒளிபரப்பான நிகழ்ச்சியே கவுண்ட்டவுன்தான். ரிச்சர்ட் வைட்லி அதை நடத்தினார். 2005-இல் மறையும்வரை அவரே அந்த நாற்காலியில் இருந்தார். 2014-இல் இந்நிகழ்ச்சி 6,000 என்ற எண்ணிக்கையைத் தொட்டது.

இத்தனை நீண்ட காலம் நடந்தும் பரிசு என்னவோ எளியதுதான். வெற்றி பெற்றவருக்குக் கட்டுக்கட்டாகப் பணம் இல்லை. ஒரு தேநீர்க் கெண்டி கிடைக்கும். தொடர் முழுவதிலும் வாகை சூடியவருக்குப் பல காலம் 20 தொகுதிகள் கொண்ட ஆக்ஸ்போர்டு ஆங்கில அகராதியைப் பரிசாக அளித்தார்கள். அறிவுக்குப் பரிசு அறிவே என்று அவர்கள் எண்ணினார்கள் போலும்.

மறக்கப்பட்ட பெயர்

தொடக்கக் காலத்தில் வைட்லியைச் சுற்றிப் பலர் பணியாற்றினார்கள். எழுத்து அட்டைகளை எடுத்து வைக்கக் கேத்தி ஹிட்னர் இருந்தார். எண் அட்டைகளை எடுத்து வைக்கப் பெவர்லி இஷர்வுட் இருந்தார். போட்டியாளர் சொல்லும் கணக்குச் சரியா என்று பார்த்து, அவர்களால் முடியாதபோது விடையைக் காட்டும் பொறுப்பில் இருவர் இருந்தனர். ஒருவர் கரோல் வோர்டர்மன்; மற்றொருவர் டாக்டர் லிண்டா பாரெட்.

வோர்டர்மன் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் பொறியியல் படித்தவர். அவர் அங்கே பெற்றது மூன்றாம் வகுப்பு என்பதை நம் மாணவ நண்பர்கள் சற்றுக் கவனிக்க வேண்டும். கணக்கில் வல்ல ஒரு பெண் தேவை என்று செய்தித்தாளில் வந்த விளம்பரத்தைப் பார்த்து, மகளுக்காக விண்ணப்பத்தை அனுப்பியவர் அவருடைய தாயார். அப்போது மகளுக்கு வயது 21. பிற்காலத்தில் எழுத்து அட்டை, எண் அட்டை, கணக்கு என்று எல்லாப் பணிகளும் படிப்படியாக அவரிடமே வந்து சேர்ந்தன. 2008 டிசம்பர் வரை, 26 ஆண்டுகள் அந்தப் பலகை அருகே நின்றார். நாடறிந்த முகமானார். அவருக்குப் பின் 2009 ஜனவரியில் அந்த இடத்துக்கு வந்த ரேச்சல் ரைலி, ஆக்ஸ்போர்டில் கணிதம் பயின்றவர்.

ஆனால் லிண்டா பாரெட்? அந்தப் பெயரை இன்று அந்நாட்டிலேயே நிகழ்ச்சியின் தீவிர இரசிகர்கள் தவிர மற்றவர் நினைவில் வைத்திருப்பது அரிது. இருவர் பார்த்ததும் ஒரே வேலை; இருவர் கையிலும் இருந்தது ஒரே பேனா. ஒருவர் புகழ் வெளிச்சத்துக்கு வந்தார். மற்றவர் பெயர் பழைய பட்டியல்களில் நின்றுவிட்டது. ஆனால் கணக்குக்கு ஆள் முகம் தெரியாது. யார் எழுதினாலும் ஏழும் எட்டும் பதினைந்துதான். அதனால்தான் நான் இக்கட்டுரையில் புகழ்பெற்றவரைப் பற்றி மட்டும் எழுதாமல் அந்த இடத்தைப் பற்றியே எழுதுகிறேன்.

இன்னொன்றையும் இங்கே சொல்ல வேண்டும். போட்டி நிகழ்ச்சிகளில் பெண்கள் என்றால் அட்டையைத் திருப்புவதும், பரிசுப் பொருளின் அருகே நின்று புன்னகைப்பதும்தான் வேலை என்றிருந்த காலம் அது. அந்தக் காலத்தில் ஓர் ஆண் நடத்தும் நிகழ்ச்சியில், "கணக்குச் சரிதானா?" என்று அவர் திரும்பிக் கேட்கும் இடத்தில் பெண்கள் நின்றார்கள் என்பது சிறிய செய்தியன்று.

ஆட்ட முறை

இனி அந்த எண் சுற்றின் விதிகளைப் பார்ப்போம். இதற்குக் கணிதம் முதன்மைப் பாடமாக இருக்க வேண்டியதில்லை. நான்காம் வகுப்புக் கணக்குப் போதும்.

மொத்தம் 24 அட்டைகள் கவிழ்த்து வைக்கப்பட்டிருக்கும். அவற்றுள் 25, 50, 75, 100 என்ற நான்கும் பெரிய எண்கள். மற்ற இருபதும் சிறிய எண்கள். 1 முதல் 10 வரை ஒவ்வொன்றும் இருமுறை இருக்கும். பெரிய எண் எத்தனை வேண்டும், சிறிய எண் எத்தனை வேண்டும் என்று போட்டியாளர் சொல்வார். ஆறு அட்டைகள் திறக்கப்படும். பிறகு 101 முதல் 999 வரையுள்ள எண்களில் ஒன்றை ஒரு கருவி எடுத்துத் தரும். அந்தக் கருவிக்குச் 'செசில்' என்று செல்லப் பெயர். 'லீட்ஸ் நகரிலுள்ள கவுண்ட்டவுன் மின்னணுக் கணிப்பான்' என்ற பொருள் தரும் ஆங்கிலத் தொடரின் முதலெழுத்துகளைக் கோத்து இந்தப் பெயரை வைத்தார்கள்.

செசில் தந்த எண்தான் இலக்கு. ஆறு எண்களையும் கூட்டியோ, கழித்தோ, பெருக்கியோ, வகுத்தோ அந்த இலக்கை அடைய வேண்டும். ஓர் எண்ணை ஒரு முறைதான் பயன்படுத்தலாம். எல்லா எண்களையும் பயன்படுத்த வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. இடையில் எந்தக் கட்டத்திலும் பின்னம் வரக்கூடாது. கொடுக்கப்படும் நேரம் 30 விநாடி. ஆலன் ஹாக்ஷா அமைத்த இசை ஒலிக்க, பெரிய கடிகாரத்தின் முள் அரை வட்டம் சுற்றி நிற்கும், அவ்வளவுதான் அவகாசம். இலக்கைச் சரியாகத் தொட்டால் 10 மதிப்பெண். ஐந்துக்குள் நெருங்கினால் 7. பத்துக்குள் நெருங்கினால் 5. இருவரில் யார் இலக்குக்கு அதிகம் நெருங்கியவரோ அவருக்கே மதிப்பெண். இருவரும் ஒரே அளவு நெருங்கினால் இருவருக்கும் உண்டு.

எளிய எடுத்துக்காட்டு ஒன்று. எண்கள் 100, 25, 9, 7, 4, 2. இலக்கு 731. முதலில் இலக்கின் தலையைப் பிடிக்க வேண்டும். 7 × 100 = 700. மீதி வேண்டியது 31. அது 25 + 4 + 2. முடிந்தது. 9 தேவைப்படவில்லை.

சற்றுக் கடினமான மற்றொன்று. எண்கள் 75, 10, 8, 6, 5, 3. இலக்கு 643. இங்கே நூறு இல்லை. ஆனால் 75-ஐ 8 ஆல் பெருக்கினால் 600. மீதி 43. கையில் உள்ளவை 10, 6, 5, 3. ஆறைந்து முப்பது, பத்தும் மூன்றும் பதின்மூன்று, ஆக 43. ஆறு எண்களும் செலவாகிவிட்டன. பெரிய எண்ணைக் கொண்டு அருகே சென்று, சிறிய எண்களைக் கொண்டு குறையை நிரப்புவதே பொதுவான வழி. சந்தையில் பத்துப் படி அளந்துவிட்டு, மேலும் ஒரு கைப்பிடி போட்டு நிறைப்பது போன்றதுதான்.

ஒரு வியத்தகு விடை

1997-இல் நடந்த ஓர் ஆட்டம் இன்றும் பேசப்படுகிறது. நான்கு பெரிய எண்களும் வந்துவிட்டன: 25, 50, 75, 100. சிறியவை 3, 6. இலக்கு 952. போட்டியாளர் ஒருவர் சரியான விடை உண்டு என்றார். கணக்கரான வோர்டர்மன் பலகையில் எழுதத் தொடங்கினார்.

100 + 6 = 106
106 × 3 = 318
318 × 75 = 23,850
23,850 − 50 = 23,800
23,800 ÷ 25 = 952

மூன்றிலக்க எண் ஒன்றைத் தேடுபவர் இருபத்து மூன்றாயிரம்வரை ஏறிப்போய் மீண்டும் இறங்கி வருகிறார்! பார்த்தவர்கள் இதை ஏதோ மந்திரம் என்றே எண்ணியிருப்பார்கள். முதன்முறை இதைப் பார்த்தபோது நானும் அப்படித்தான் எண்ணினேன். பிறகு ஒரு நாள் மாலை காகிதத்தில் போட்டுப் பார்த்தபோதுதான் இதன் உள்ளே ஓர் எளிய எண்ணம் இருப்பது புரிந்தது.

106 என்பதை 9 ஆல் பெருக்கினால் 954. அதிலிருந்து 2-ஐக் கழித்தால் 952. ஆகவே நமக்கு ஒரு 9-உம் ஒரு 2-உம் வேண்டும். 75 × 3 ÷ 25 என்றால் 9 கிடைக்கிறது. 50 ÷ 25 என்றால் 2 கிடைக்கிறது. ஆனால் ஒரு சிக்கல். 25 இரண்டு இடத்தில் தேவைப்படுகிறது, இருப்பதோ ஒன்றுதான். என்ன செய்வது? இரண்டு இடத்திலும் வகுக்காமல் விட்டுவிட வேண்டும். 106 × 3 × 75 என்று பெருக்கி, 50-ஐக் கழித்து, கடைசியில் மொத்தத்தையும் ஒரே முறை 25 ஆல் வகுத்தால் இரண்டு வகுத்தலும் ஒன்றாக நடந்துவிடும். எட்டாம் வகுப்பில் நாம் படித்த பங்கீட்டு விதிதான் இது. ஒரே ஏணியை இருவர் இரண்டு மரத்துக்குக் கேட்டால், மரத்தை நகர்த்த முடியாது. கணக்கில் நகர்த்த முடிகிறது.

விடை இல்லாத கணக்கு

இதுவரை பார்த்தவை விடை உள்ள கணக்குகள். எந்தக் கணக்குக்கும் விடை இருந்தே தீருமா? இல்லை. செசில் கண்ணை மூடிக்கொண்டு எண்ணைத் தருகிறது. இந்த ஆறு எண்களைக் கொண்டு அந்த இலக்கை அடைய முடியுமா என்று அது ஆராய்ந்து தருவதில்லை. ஆகவே சில ஆட்டங்களில் விடையே இராது.

இங்கேதான் பலகை அருகே நிற்பவருடைய சோதனை தொடங்குகிறது. விடை கிடைத்துவிட்டால் பிரச்சினை இல்லை. மூன்று வரி எழுதினால் போதும். எழுதியதைச் சிறு பிள்ளைகூடச் சரிபார்த்துவிடும். விடை கிடைக்கவில்லை என்றால்? அப்போது அவர் முன் இரண்டு வாக்கியங்கள் நிற்கின்றன. ஒன்று, "எனக்கு விடை கிடைக்கவில்லை." மற்றொன்று, "இதற்கு விடை இல்லை." காதுக்கு இரண்டும் ஒன்றுபோல் கேட்கும். கணிதத்தில் இவற்றுக்கிடையே மலைக்கும் மடுவுக்கும் உள்ள வேறுபாடு இருக்கிறது.

எவ்வளவு வேறுபாடு என்று எண்ணியே பார்க்கலாம். ஆறு எண்களில் இரண்டைத் தேர்ந்தெடுக்க 15 வழிகள். தேர்ந்தெடுத்த இரண்டையும் கூட்டலாம், கழிக்கலாம், பெருக்கலாம், வகுக்கலாம். ஆக அதிக அளவு 4 வழிகள். 15 × 4 = 60. இப்போது இரண்டு எண் போய் ஒரு விடை வந்ததால் கையில் ஐந்து எண்கள். ஐந்தில் இரண்டைத் தேர்ந்தெடுக்க 10 வழிகள், செயல்கள் 4, ஆக 40. அடுத்து நான்கு எண்கள்; 6 × 4 = 24. அடுத்து மூன்று எண்கள்; 3 × 4 = 12. கடைசியில் இரண்டு எண்கள்; 1 × 4 = 4. இவை எல்லாவற்றையும் பெருக்கினால்,

60 × 40 × 24 × 12 × 4 = 27,64,800.

ஒரே விடைக்கு வரும் பல வழிகள் இதற்குள் கலந்திருக்கின்றன என்பது உண்மை. வகுக்க முடியாத இடங்களும் உண்டு. ஆயினும் எதையும் விடாமல் பார்க்க வேண்டும் என்றால் ஏறத்தாழ இத்தனை பாதைகளிலும் நடந்தாக வேண்டும். விநாடிக்கு ஒரு பாதை என்று ஊண் உறக்கமின்றி ஒருவர் நடந்தால் எத்தனை நாள் ஆகும்? ஒரு நாளைக்கு 86,400 விநாடிகள். வகுத்துப் பாருங்கள், மீதியின்றிச் சரியாக 32 நாட்கள்!

"உண்டு" என்று சொல்ல ஒரு பாதை போதும். "இல்லை" என்று சொல்ல 32 நாள் நடக்க வேண்டும். கொடுக்கப்பட்டதோ 30 விநாடி.

ஆகவேதான் அந்தப் பலகை அருகே நின்றவர்கள் எல்லோருமே, தங்களுக்கு விடை கிடைக்காத நேரங்களில் அதை மறைக்காமல் சொல்லிவிடுவதைப் பார்க்கிறோம். சில வேளைகளில் அடுத்த சுற்று நடந்துகொண்டிருக்கும்போதே அவர்கள் மனம் பழைய கணக்கிலேயே கிடக்கும். சற்று நேரம் கழித்து, "கிடைத்துவிட்டது" என்று சொல்லி எழுதிக் காட்டுவார்கள். அதனால் யாருக்கும் மதிப்பெண் கூடுவதில்லை, குறைவதில்லை. ஆட்டம் அந்த இடத்தைக் கடந்து போய்விட்டது. ஆயினும் திரும்பி வந்து எழுதுகிறார்கள். முன்பே அவசரப்பட்டு "விடை இல்லை" என்று சொல்லியிருந்தால் இப்படித் திரும்பி வர முடியுமா?

இன்றைக்குக் கணிப்பொறி அந்த 27 இலட்சம் பாதைகளையும் கண்ணிமைக்கும் நேரத்தில் நடந்து முடித்துவிடும். ஆகவே விடை உண்டா இல்லையா என்பதை இன்று உறுதியாகச் சொல்லிவிடலாம். திறக்கப்படும் ஆறு எண்களின் தொகுதிகள் மொத்தம் 13,243 வகை. ஒவ்வொரு வகைக்கும் 899 இலக்குகள். ஆக நடக்கக்கூடிய ஆட்டங்கள் 1,19,05,457. இவை அத்தனையையும்கூடக் கணிப்பொறி ஆராய்ந்துவிடும். ஆனால் 1982-இல் லிண்டா பாரெட்டும் கரோல் வோர்டர்மனும் நின்றபோது அவர்களுக்குத் துணையாக இருந்தது பேனா ஒன்றுதான்.

நடக்காமலே ஊர் சேர்வது

நடந்தே தீர வேண்டுமா? இங்கேதான் கணிதம் தன் பெருமையைக் காட்டுகிறது. பெரிய எண்ணே வேண்டாம் என்று ஒருவர் சொல்லி, வந்த ஆறு எண்களும் 1, 1, 2, 2, 3, 3 என்று வைத்துக்கொள்வோம். 20 சிறிய அட்டைகளிலிருந்து ஆறை எடுக்க 38,760 வழிகள் உண்டு. அதில் ஒரே ஒரு வழி இது. அரிது, ஆனால் நடக்கக்கூடியது. இலக்கு என்னவாக இருந்தாலும் இதற்கு விடை கிடையாது என்று நான் இப்போதே சொல்கிறேன். 32 நாள் நடக்காமலே சொல்கிறேன்.

காரணம் இதுதான். இந்த ஆறு எண்களின் கூட்டுத்தொகை 12. கழிப்பதாலும் வகுப்பதாலும் எண் பெரிதாவதில்லை. எனவே பெரிய விடை வேண்டுமானால் கூட்டலும் பெருக்கலும்தான் வழி. அதாவது 12 என்ற மொத்தத்தைப் பல பகுதிகளாக்கி அவற்றைப் பெருக்க வேண்டும். 12-ஐ 6, 6 என்று பிரித்தால் பெருக்கல் 36. 4, 4, 4 என்று பிரித்தால் 64. 3, 3, 3, 3 என்று பிரித்தால் 81. எல்லாவற்றையும் 2 ஆக்கினால் மீண்டும் 64. இதர வழிகளில் பிரித்தாலும் 81-ஐத் தாண்டுவதில்லை. நம் ஆறு எண்களில் ஒவ்வொரு 2 உடனும் ஒரு 1-ஐக் கூட்டினால் 3, 3, 3, 3 கிடைக்கும். ஆக எட்டக்கூடிய உச்சம் 81. இலக்கோ 101-இல்தான் தொடங்குகிறது. ஏணியின் உயரம் 81 என்றால் 101-ஆவது படியில் யார் ஏற முடியும்?

இதற்குப் பெயர்தான் நிறுவல். வகுப்பில், "நிறுவுக" என்று கேள்வி வரும்போதெல்லாம் "இது எதற்கு? கண்ணால் பார்த்தாலே தெரிகிறதே" என்று நாம் சலித்துக்கொள்கிறோம். தேடிப் பார்த்து இல்லை என்பவன் 32 நாள் நடக்க வேண்டும். நிறுவி இல்லை என்பவன் நான்கு வரி எழுதினால் போதும். நிறுவலின் பயன் என்னவென்று எனக்குப் புரிந்தது பாடப்புத்தகத்தில் அன்று. இந்த எண் பலகையில்தான்.

வீட்டுக் கணக்கு

இந்த வேறுபாடு தொலைக்காட்சிப் பெட்டியோடு நின்றுவிடுவதன்று என்பதற்கு என் வீட்டில் நடந்ததையே சொல்கிறேன். எங்கள் வீட்டில் கல்லூரிப் படி ஏறிய முதல் ஆள் நான். ஆகவே எழுத்து வேலை, கணக்கு வேலை எது வந்தாலும் என்னிடம்தான் வரும். சென்ற ஆண்டு அப்பா ஒரு சிறிய நோட்டைக் கொண்டுவந்தார். ஊரில் தெரிந்தவரிடம் கட்டிவந்த சீட்டுக் கணக்கு அது.

"கணக்குப் படிக்கிற பிள்ளைதானே, இதுல ஏதும் தப்பு இருக்கான்னு பாருப்பா" என்றார்.

நான் ஒவ்வொரு வரியாகக் கூட்டினேன். கூட்டல் சரியாக இருந்தது. ஐந்து நிமிடத்தில் நோட்டைத் திருப்பிக் கொடுத்து, "தப்பு இல்லப்பா" என்றேன். அப்பா அதற்கு மேல் ஒரு கேள்வியும் கேட்கவில்லை. நான் சொன்னால் அவருக்கு அது வேதவாக்கு.

அடுப்படியிலிருந்து அம்மா கேட்டார்: "ஆடி மாசம் என் கம்மலை வச்சுல்ல கட்டினோம். அது எழுதியிருக்கா?"

புரட்டிப் பார்த்தேன். ஆனிக்குப் பிறகு ஆவணிதான் இருந்தது. எழுதியவரின் மறதி, மறுநாள் போய்க் கேட்டபோது மறுப்பேதும் சொல்லாமல் எழுதிக் கொடுத்துவிட்டார். பணம் போகவில்லை. ஆனால் எனக்கு அன்றிரவு உறக்கம் வரவில்லை. எழுதியிருந்ததை மட்டும் கூட்டிப் பார்த்துவிட்டு, எழுதாமல் விட்டதற்கும் சேர்த்துச் சான்று கொடுத்துவிட்டேன். நான் சொல்லியிருக்க வேண்டியது, "நான் பார்த்தவரையில் தப்பு கண்ணில் படவில்லை" என்பதுதான். நான் சொன்னதோ, "தப்பு இல்லை." பள்ளிக்கூட வாசலை மிதிக்காத அம்மாவோ, பன்னிரண்டு மாதங்களையும் விரலில் விடாமல் எண்ணினார். எதையும் விடாமல் எண்ணியவருக்குத்தான் "இல்லை" என்று சொல்லும் உரிமை உண்டு.

முடிவாக

நம்மில் பலர் படித்து முடித்தபின் ஏதோ ஒரு பலகை அருகே நிற்கப் போகிறோம். சிலர் ஆசிரியர்களாக, சிலர் அலுவலக மேசையின் பின்னால், சிலர் ஆய்வுக்கூடத்தில். எதிரே நிற்பவர்கள் நம்மிடம், "இதற்கு வழி உண்டா?" என்று கேட்பார்கள். நாம் "இல்லை" என்று சொன்னால் அதை நம்பித் திரும்பிப் போய்விடுவார்கள். நாம் 30 விநாடி பார்த்தோமா, 32 நாள் பார்த்தோமா என்பது அவர்களுக்குத் தெரியாது, நமக்குத் தெரியும்.

வகுப்பில் பேராசிரியர் அழைத்துக் கரும்பலகையில் கணக்குப் போடச் சொல்லும்போது, வராவிட்டால் நானும் முன்பெல்லாம், "இந்தக் கணக்கே தப்பு சார்" என்று சொல்லித் தப்பிக்கப் பார்த்ததுண்டு. இப்போது, "எனக்கு இன்னும் வரவில்லை சார்" என்கிறேன். நண்பர்கள் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டும். இடத்துக்குத் திரும்பிய பிறகும் அந்தக் கணக்கு மனத்தில் ஓடிக்கொண்டிருக்கிறது. எப்போதாவது அடுத்த பாடவேளை பாதியில் விடை வந்துவிடுகிறது. அதற்கு மதிப்பெண் கிடையாதுதான். ஆயினும் எழுந்து போய்ப் பலகையில் எழுத வேண்டும் போலிருக்கிறது.